வலது கை விடுதலையான வரலாறு

தியாகிகளின் சரித்திரத்தை எழுதுகிறவர்களுக்கு ஒரு பணிவான வேண்டுகோள். சொத்தைத் துறந்தவர்கள், பதவியைத் துறந்தவர்கள், உயிரைத் துறந்தவர்கள் என்று எழுதிவிட்டுப் பேனாவை மூடிவிடுகிறீர்கள். நீதியின் பொருட்டுத் தம் வலது கையையே துறந்த ஒருவர் நம் காலத்தில், நகர அலுவலகத்தின் இரண்டாவது மாடியில், மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்திருக்கிறார். அந்தக் கை இன்னும் அவருடைய தோளில்தான் தொங்குகிறது. ஆனாலும் துறந்தது துறந்ததுதான்.

அவர் கட்டட அனுமதிப் பிரிவின் தலைமை அதிகாரி. வீட்டுக்கு மேல் ஒரு மாடி எடுப்பதானாலும், கடைக்கு முன்னால் ஒரு கூரை இழுப்பதானாலும் அவருடைய கையெழுத்து விழ வேண்டும். ஊரார் அவரை 'அனுமதியார்' என்று மரியாதையாக அழைத்தார்கள். அவர் இல்லாத இடத்தில் வேறொரு பெயரும் இருந்தது. அது அச்சில் வராது.

அவருடைய பொறுமை துறையில் பிரசித்தம். எந்தக் கோப்பையும் அவர் அவசரப்பட்டுத் தொட்டதில்லை. "கோப்பு கனியணும்" என்பார். கனிவதற்குச் சூடு வேண்டும். சூடு மனுதாரர் தரப்பிலிருந்து வர வேண்டும். இந்த இயற்கை விதிக்குப் போய் 'ஊழல்' என்று பெயர் வைத்தவர் ஒரு பல் மருத்துவர்.

அந்த அம்மையார் தம் சின்ன மருத்துவமனைக்கு மேல் ஒரு மாடி எடுக்க விண்ணப்பித்திருந்தார். விண்ணப்பம் வெகுகாலம் கனிந்துகொண்டே இருந்தது. நாள் முழுக்க ஊராரை வாயைத் திறக்கச் சொல்லியே பழகியவர் அவர்; தம் வாயை மூடி வைத்திருக்க அவருக்குத் தெரியவில்லை. நேரே லஞ்ச ஒழிப்புப் பிரிவுக்குப் போய்விட்டார். அவர்கள் அவருடைய கைப்பையில் ஒரு கேமராவைப் பொருத்தி, ஒரு கவரையும் கொடுத்து அனுப்பினார்கள். இப்படிக் கொடுக்கும் நோட்டுகளில் வழக்கமாக ஒரு பொடி தடவுவார்கள்; தொட்டவர் கையைத் தண்ணீரில் நனைத்தால் நிறம் மாறிக் காட்டிக் கொடுத்துவிடும். அன்றைக்குப் பொடி கையிருப்பில் இல்லை. பொடி வாங்குவதற்கான கோப்பு வேறோர் அலுவலகத்தில் கனிந்துகொண்டிருந்தது.

லஞ்ச ஒழிப்புக்காரர்கள் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தபோது கவர் குப்பைக்கூடையில் கிடந்தது. அனுமதியார் ஜன்னல் வழியாக மேகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். கேமராவில் பதிவானது இவ்வளவுதான்: ஒரு மேசையின் விளிம்பு, சுவரில் ஒரு கடிகாரம், முழுக்கைச் சட்டைக்குள்ளிருந்து நீளும் ஒரு கை. அந்தக் கை கவரை வாங்குகிறது. முகம் கிடையாது. கைமேல் பலன் என்பார்களே, அதைப் படம் பிடித்தது போல இருந்தது.

குற்றப்பத்திரிகை வந்தது. பணியிடை நீக்கமும் கூடவே வந்தது. ஓய்வு பெற ஒரு வருடம்கூட இல்லாத நேரம். வழக்கு விசாரணைக்குப் போனால் ஓய்வூதியம் முடங்கும். குடியிருந்த அரசு வீட்டைக் காலி செய்ய வேண்டும். அனுமதியாரின் மனைவி மழலையர் பள்ளியில் ஆசிரியை. பிள்ளைகளைக் கூட்டிப் போக வரும் பெற்றோர்கள் அவரைக் கண்டதும் கைப்பேசியில் ஏதோ அவசரச் செய்தி வந்ததுபோலக் குனிந்துகொள்ள ஆரம்பித்தார்கள். அது ஓய்வூதியத்தைவிட அதிகமாக வலித்தது என்று அந்த அம்மாள் சொன்னார். அனுமதியாருக்கு ஓய்வூதியம்தான் அதிகமாக வலித்தது.

இருவரும் செருப்புக்கடைக்கு மேலே இருந்த ஒரு வக்கீலிடம் போனார்கள். அறை முழுக்கப் புதுத் தோல் வாசனை. விசாரணைக்கு முன்பே, 'இதில் விசாரிக்க ஒன்றுமில்லை, என்னை விட்டுவிடுங்கள்' என்று கேட்பதற்குச் சட்டத்தில் ஒரு வழி இருப்பதாக வக்கீல் விளக்கினார். அதற்கு விடுவிப்பு மனு என்று பெயர். மனுவில் எழுத ஒரு காரணம் வேண்டும், அவ்வளவுதான். கட்சிக்காரர் கைகுலுக்கத்தான் கையை நீட்டினார், கவர் தானாக வந்து ஒட்டிக்கொண்டது என்று எழுதலாமா என்று பார்த்தார். மின்விசிறிக் காற்றில் பறந்த கவரை ஒரு நல்ல மனிதர் பிடித்துக் கொடுக்க முயன்றார் என்று எழுதலாமா என்றும் பார்த்தார். இரண்டும் அவருக்கே சிரிப்பை வரவழைத்தன. கடைசியில் குற்றப்பத்திரிகையை எடுத்து வாய்விட்டுப் படித்தார். 'எதிரி மேற்படி கவரைத் தமது வலது கையால் பெற்றுக்கொண்டார்' என்ற வரியில் நின்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நீங்க எந்தக் கைப் பழக்கம்?"

"வலது கைதான். எல்லாரையும் போல."

"எப்பலேர்ந்து?"

"பொறந்ததுலேர்ந்து."

"அவசரப்படாதீங்க. யோசிச்சுச் சொல்லுங்க."

அனுமதியார் யோசித்தார். பதவியில் இருந்த காலத்தில் யோசிக்கும்படி அவரை யாரும் கேட்டுக்கொண்டதில்லை. அதனால் கொஞ்சம் நேரமானது. பிறகு அவருடைய முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது.

"இடது கைன்னு சொல்லலாமா?"

"நான் சொல்லிக் கொடுக்கக் கூடாதுங்க. நீங்களா சொன்னா எழுதிக்கறேன்."

மனைவி அந்தப் படத்தை ஒரு தடவை பார்க்க வேண்டும் என்றார். வக்கீல் போட்டுக் காட்டினார். கை நீண்டது, கவரைப் பிடித்தது, பிடித்தபோது சுண்டுவிரல் மட்டும் தனியாக நிமிர்ந்து நின்றது. தினமும் காலையில் காப்பிக் கோப்பையை வாங்கும்போது நிமிர்ந்து நிற்கும் அதே விரல். மாடிப்படி இறங்கும்போது அந்த அம்மாள் கேட்டார்.

"உண்மையச் சொல்லுங்க. அது உங்க கைதானே?"

"வக்கீலைக் கேக்காம நான் எதுவும் சொல்லக் கூடாது" என்றார் அனுமதியார்.

வீட்டுக்குள் நுழைந்ததும் அம்மாள் செருப்பைக் கழற்றிவிட்டு, நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காருங்க" என்றார். ஜெயிலுக்கு அனுப்பிவிட்டு வாரத்துக்கு ஒரு தடவை பார்க்கப் போய் நிற்கத் தமக்கு முழங்காலில் வலு இல்லை என்றும், அதனால்தான் சொல்லிக்கொடுக்கச் சம்மதிப்பதாகவும், வேறெந்த அர்த்தமும் இதற்குக் கிடையாது என்றும் தெளிவாகச் சொல்லிவிட்டார். பிறகு பள்ளியிலிருந்து கொண்டுவந்திருந்த சிலேட்டை அவர் மடியில் வைத்தார்.

அன்று தொடங்கியது அந்த மாபெரும் தவம். வலது கை கால்சட்டைப் பைக்குள் போனது. அனுமதி இல்லாமல் வெளியே வரக் கூடாது. முதல் நாள் காலையில் பல்தூரிகை மூக்குக்குள் போயிற்று. வகிடு காதை நோக்கி நடந்தது. சட்டைப் பொத்தான் போட்டு முடிப்பதற்குள் சட்டை கசங்கி, வேறு சட்டை மாற்ற வேண்டியிருந்தது. அதற்கும் பொத்தான்கள் இருந்தன. காய்கறி நறுக்கும் வேலையை அம்மாள் அவருக்குக் கொடுத்தார். முப்பது வருட இல்வாழ்க்கையில் அவர் சமையலறைக்குள் நின்றது அதுதான் முதல் தடவை. அந்த வகையில் லஞ்ச ஒழிப்புப் பிரிவு ஒரு குடும்பத்துக்கு நன்மைதான் செய்திருக்கிறது.

எழுத்துத்தான் பெரும்பாடு. நேர்கோடுகள் மட்டுமே உள்ள எழுத்து என்பதால் 'ட'வில் ஆரம்பித்தார்கள். 'ப' வந்தது. 'ம' கொஞ்சம் முரண்டு பிடித்து வந்தது. 'ஞ' எழுதும்போது அனுமதியாருக்குக் கண் கலங்கிவிட்டது. அம்மாள் தலைக்குமேல் நின்றுகொண்டு, "சுழி உள்ள போகுது பாருங்க. வெளிய கொண்டு வாங்க" என்பார். ஒரு நாள் ஒரு முழு வரி கோணாமல் வந்தது. அம்மாள் பழக்கதோஷத்தில் ஒரு நட்சத்திரத்தை ஒட்டிவிட்டார். அனுமதியார் அதை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். இத்தனை வருட உத்தியோகத்தில் ஒரு வேலையை முழுசாகச் செய்து அதற்காக ஒன்று பெற்றது அன்றைக்குத்தான்.

கையெழுத்துக்கு மட்டும் பயிற்சி தேவைப்படவில்லை. அவருடைய கையெழுத்து மழைக்குப் பின் மண்புழு போன வழி மாதிரி இருக்கும். எந்தக் கையால் போட்டாலும், காலால் போட்டாலும்கூட, அதேதான் வரும்.

மனு நீதிமன்றத்துக்கு வந்தது. நீதிபதி ஓர் அம்மையார். எதிரே வருகிற எல்லோரையும் தலைவலிக்காரர்களைப் பார்ப்பதுபோல் பரிவோடு பார்ப்பவர். அரசு வக்கீலுக்குத் தீராத ஜலதோஷம். அவர் முதல் நாளே கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒரு புகைப்படத்தை நீட்டினார். பொதுக் கழிப்பறை ஒன்றின் திறப்பு விழா. அனுமதியார் ரிப்பன் வெட்டுகிறார். கத்தரிக்கோல் வலது கையில்.

அனுமதியாரின் வக்கீல் படத்தைக் கண்ணுக்கு அருகில் கொண்டுபோய்ப் பார்த்தார். படம் இடம் வலமாகத் திரும்பி அச்சாகியிருக்கிறது என்றார். அப்படியானால் சட்டைப்பை மட்டும் எப்படி வழக்கம்போல் இடது மார்பில் இருக்கிறது என்று அரசு வக்கீல் மடக்கினார். கட்சிக்காரர் இடக்கைக்காரர், அதனால் பையை வலது மார்பில் வைத்துத்தான் தைத்துக்கொள்வார், திரும்பிய படத்தில் அது இடதாகத் தெரிகிறது, சட்டைகளை அடுத்த தவணையில் ஆஜர்படுத்தத் தயார் என்றார் வக்கீல். தவணை கிடைத்தது.

அன்று மாலை அம்மாள் ஒரு மூட்டைச் சட்டைகளைச் சுமந்துகொண்டு தையற்காரரிடம் போனார். தையற்காரர் எல்லாவற்றையும் புரட்டிப் பார்த்துவிட்டு, எத்தனையோ பேர் பையை ஆழமாக்கித் தரச் சொல்லிக் கேட்டிருக்கிறார்கள், பக்கம் மாற்றச் சொல்லிக் கேட்டவர் நீங்கள்தான் என்றார்.

அடுத்த தவணையில் ஒரு பெட்டி நிறையச் சட்டைகள் நீதிமன்றத்துக்கு வந்தன. எல்லாவற்றிலும் பை வலது மார்பில். நீதிபதி ஒன்றைக் கையில் எடுத்துப் பார்த்தார்.

"இந்த இடது பக்கத்துல மட்டும் துணி ஏன் ஒரு சதுரமா, புதுசா இருக்கு?"

"மனசாட்சி இருக்கிற பக்கம்மா" என்றார் அரசு வக்கீல். "அதிகம் பொழங்கியிருக்க மாட்டார்."

ஆட்சேபிக்கப்பட்டது, ஆட்சேபம் ஏற்கப்பட்டது, ஆனாலும் தட்டச்சர் சிரித்துக்கொண்டே அதைத் தட்டச்சு செய்துவிட்டார்.

நீதிபதிக்கு இன்னும் தெளிவு வரவில்லை. பின் வரிசையில் உட்கார்ந்திருந்த அம்மாளைப் பார்த்து, நீங்கள்தான் மனைவியா, பள்ளிக்கூட ஆசிரியை என்கிறார்களே, நீங்கள் சொல்லுங்கள், வீட்டில் உங்கள் கணவர் எந்தக் கையால் வேலை செய்வார் என்று கேட்டார். மனைவி பொய் சொல்ல மாட்டாள் என்பது அனுமதியாருக்குத் தெரியும். அந்தக் குடும்பத்தில் அந்தப் பொறுப்பை அவரே முழுமையாக ஏற்றிருந்தார்.

அம்மாள் எழுந்து நின்றார். "கல்யாணம் ஆன நாள்லேர்ந்து இந்த வழக்கு வர்றவரைக்கும், வீட்ல அவர் எந்தக் கையாலயும் ஒரு வேலையும் செஞ்சு நான் பாத்ததில்லைங்க" என்றார்.

நீதிமன்றத்திலிருந்த பெண்கள் எல்லோரும் தலையசைத்தார்கள். நீதிபதியும் அசைத்தார். இந்த வழக்கில் இதுவரை கேட்ட வார்த்தைகளில் உண்மையின் ஓசை உள்ளது இது ஒன்றுதான் என்று குறித்துக்கொண்டார். அவர் வலது கையால் வேலை செய்து பார்த்தவர் யாரும் இல்லை என்றாகிவிட்டதால், அனுமதியார் இடக்கைக்காரர் என்பதை ஏற்றுக்கொள்ளலாம் போலிருக்கிறது என்றும் சொன்னார்.

அப்போதுதான் அரசு வக்கீல் கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்தார். அவர் அப்படிச் செய்தால் ஏதோ வரப்போகிறது என்று அர்த்தம்.

"சரிம்மா, ஒத்துக்கறேன். எதிரி இடக்கைக்காரர்தான். கழிப்பறை விழாப் படம் திரும்பித்தான் விழுந்திருக்கு. ஆனா அதை எடுத்த ஆளைத்தான் லஞ்ச ஒழிப்பிலயும் கூப்பிட்டிருந்தாங்க. கைப்பையில வெச்சதும் அதே கேமராதான். அப்ப கவர் வாங்கின கையும் திரும்பித்தானே விழுந்திருக்கும்? அது வலது கை இல்ல. இடது கை."

அனுமதியார் குனிந்து தம் கைகளைப் பார்த்தார். வலது கை மாட்டிக்கொண்டபோது இடது கையிடம் அடைக்கலம் புகுந்தவர் அவர். இப்போது இரண்டில் எதை நம்புவது என்று தெரியவில்லை. இரண்டையும் எடுத்துத் தொடைக்குக் கீழே வைத்து, அவற்றின் மேல் உட்கார்ந்துகொண்டார்.

படத்தை மறுபடியும் போடச் சொன்னார் நீதிபதி. சுவரில் கடிகாரம் இருக்கிறதே, முட்களை வைத்துப் படம் திரும்பியிருக்கிறதா என்று கண்டுபிடித்துவிடலாம் என்றார். நல்ல யோசனைதான். எல்லோரும் எட்டிப் பார்த்தார்கள். மணி ஆறு. எண்கள் இல்லாத, வெறும் கோடு போட்ட கடிகாரம். நேராகப் பார்த்தாலும் ஆறு, திருப்பிப் பார்த்தாலும் ஆறு. சம்பவம் நடந்தது முற்பகலில் அல்லவா என்று நீதிபதி கேட்டார். அலுவலக உதவியாளரைக் கூப்பிட்டு விசாரித்ததில், அந்தக் கடிகாரம் நின்று வெகுகாலமாகிறது, புது மின்கலம் கேட்டு எழுதிய கோப்பு இன்னும் கனியவில்லை என்று தெரிந்தது. அந்தக் கோப்பு அனுமதியாரின் மேசையில்தான் இருந்தது. மின்கலத்தின் சார்பில் யாரும் வந்து அவரைப் 'பார்க்க'வில்லை. கடமையில் அவர் காட்டிய நிதானம் அவரைக் காப்பாற்றிய கதை இது. அதிகாரிகள் கவனிக்க வேண்டும்.

அனுமதியாரின் வக்கீல் எழுந்தார். குற்றப்பத்திரிகை வலது கை என்கிறது, அரசு வக்கீல் இடது கை என்கிறார், அரசாங்கம் முதலில் தனக்குள் பேசி எந்தக் கை என்று ஒரு முடிவுக்கு வரட்டும் என்றார். எந்தக் கையானால் என்ன, இரண்டும் அவருடைய கைதானே என்று அரசு வக்கீல் கேட்டார். கேள்வி நியாயமானது. ஆனால் அது குற்றப்பத்திரிகையில் இல்லை.

தீர்ப்பு அன்று மாலையே வந்தது. 'எதிரி வலக்கைப் பழக்கம் உடையவர் அல்லர் என்பதை அரசுத் தரப்பே ஒப்புக்கொண்டுவிட்டபடியால், அவரது வலது கை குற்றச்சாட்டிலிருந்து விடுவிக்கப்படுகிறது. இடது கை மீது குற்றச்சாட்டு எதுவும் தாக்கல் செய்யப்படவில்லை. மற்ற பாகங்களைப் பற்றி இந்த நீதிமன்றம் கருத்துக் கூற விரும்பவில்லை.'

வீட்டுக்கு வந்த அனுமதியார், பதிவுத் தபால் கொண்டுவந்தவரிடம் கையெழுத்துப் போட வலது கையால் பேனாவை எடுத்தார். அம்மாள் அந்தக் கையைத் தட்டிவிட்டார். "மேல்முறையீடு போவாங்கன்னு வக்கீல் சொன்னார். மறந்துட்டீங்களா?" வலது கை மறுபடியும் பைக்குள் போனது. இன்றுவரை அது அங்கேதான் இருக்கிறது. தியாகம் என்று ஆரம்பத்தில் சொன்னேனே, மிகைப்படுத்தவில்லை.

மீண்டும் பணியில் சேர்ந்த அன்று வரவேற்புக் கூட்டம் நடந்தது. இயக்குநர் நா தழுதழுக்க, நேர்மைக்குக் கிடைத்த வெற்றி என்று பேசினார். கூட்டம் கலைந்ததும் ஒவ்வொருவராக அனுமதியாரைத் தனியே சந்தித்து, அந்தப் பயிற்சி எத்தனை கடினம், எவ்வளவு காலம் பிடிக்கும் என்று விசாரித்தார்கள். பொறியாளர்கள் கேட்டார்கள், அளவையாளர்கள் கேட்டார்கள், கடைசியில் இயக்குநரே கேட்டார். அனுமதியார் இரவுச் சாப்பாட்டின்போது மனைவியிடம் விஷயத்தைச் சொல்லி, துறைக்கு வந்து வகுப்பெடுக்க முடியுமா, முறையாக ஆணை போட்டுவிடலாம் என்றார்.

"அப்ப எல்லாருமா?" என்று கேட்டார் அம்மாள்.

"ஒரு முன்னெச்சரிக்கைதான்."

அம்மாள் தம் பள்ளியில் ஐந்து வயதுக்கு மேற்பட்டவர்களைச் சேர்ப்பதில்லை என்றும், சின்னப் பிள்ளைகளுக்குச் சொன்னால் புரியும் என்பதே அதற்குக் காரணம் என்றும் சொல்லிவிட்டு எழுந்து போனார். மறுநாள் சிலேட்டும் நட்சத்திரங்களும் பள்ளிக்குத் திரும்பிவிட்டன.

ஆகவே அனுமதியாரே பயிற்சியாளரானார். 'பணியாளர் திறன் மேம்பாட்டுத் திட்டம்' என்ற பெயரில் மாலை வகுப்புகள் தொடங்கின. இன்று துறை முழுவதும் இடக்கைக்காரர்கள். தையற்காரர் இரண்டு உதவியாளர்களைச் சேர்த்திருக்கிறார். பொதுமக்களின் வசதி கருதி ஒவ்வொரு மேசையிலும் ஓர் அறிவிப்புப் பலகையும் வைத்தார்கள்: 'மனுதாரர்கள் இடது பக்கமாக வந்து அதிகாரியைச் சந்திக்கவும்.'

அந்தப் பலகை வைத்த வாரத்தில்தான் பல் மருத்துவர் மறுபடியும் வந்தார். மாடிக்கான அனுமதி அப்படியே நின்றிருந்தது. கீழே இடமில்லாமல் நோயாளிகள் வாசல் வெயிலில் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள் என்றார். குரலில் பழைய சூடு இல்லை. அனுமதியார் பெரிய மனது படைத்தவர். நடந்ததையெல்லாம் தாம் மனதில் வைத்துக்கொள்ளவில்லை, புதிதாக ஒரு விண்ணப்பம் போட்டால் அது முறைப்படி கனியும் என்று ஆறுதல் சொன்னார்.

மருத்துவர் அறிவிப்பைப் படித்தார். மேசையின் இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார். பல் பிடுங்குகிற தொழிலில், எந்தப் பக்கம் என்ற சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ளாமல் கை வைக்கவே கூடாது. அதைத்தான் கேட்டார்.

"இடது பக்கம்னா உங்களுக்கு இடதா சார், எங்களுக்கு இடதா?"

துறையின் வரலாற்றில் எந்த மனுதாரரும் கேட்டிராத கேள்வி அது. விஷயத்தின் முக்கியத்துவத்தை உணர்ந்த இயக்குநர் உடனடியாக ஓர் உயர்மட்டக் குழு அமைத்தார். குழு பல அமர்வுகள் கூடி ஆழமாக ஆராய்ந்து வருகிறது. அதன் அறிக்கை வரும்வரை, வீண் குழப்பம் எதற்கு என்று, மனுதாரர்கள் மேசையின் இரண்டு பக்கமும் ஒவ்வொரு கவர் வைத்துவிட்டுப் போகிறார்கள்.